'எய்ம்லெஸ்' என்று ஒரே ஒரு சொல்

ஜூலை 11, மாலை. பல்லடத்திலிருந்து ஒரு வாசகி கேட்டது:

"மகன் பிளஸ் ஒன் படிக்கிறான். முதல் இடைத்தேர்வு முடிந்து ரேங்க் கார்டு வந்திருக்கிறது. மதிப்பெண்கள் சுமார்தான். கீழே குறிப்பு எழுதும் கட்டத்தில் ஆங்கிலத்தில் 'எய்ம்லெஸ்' என்று எழுதியிருக்கிறார்கள். அகராதியில் நோக்கமற்ற, குறிக்கோளற்ற, வீணான என்று மூன்று பொருள் போட்டிருக்கிறது. இதில் எது சரி? அவனுடைய அப்பா நாளை மறுநாள் ஊரிலிருந்து வருகிறார். கார்டில் கையெழுத்துப் போடும்போது என்ன எழுதியிருக்கிறது என்று கேட்பார். நான் என்ன சொல்லட்டும்?"

ஜூலை 11, இரவு

மூன்றாவது பொருளை அடித்துவிடுங்கள். முதல் வேலை அது. மற்ற இரண்டைப் பற்றிப் பிறகு பேசிக்கொள்ளலாம்.

'எய்ம்' என்ற சொல் பழைய பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தது. மூலம் லத்தீன் 'ஈஸ்டிமாரே'. மதிப்பிடுதல், கணக்குப் போட்டுப் பார்த்தல் என்று பொருள். வீடு கட்ட மேஸ்திரியிடம் கேட்கிறோமே எஸ்டிமேட், அதுவும் இதே வேரிலிருந்து வந்ததுதான். தூரத்தைக் கண்ணால் அளந்து இவ்வளவு இருக்கும் என்று மதிப்பிடுவதுதான் முதலில் 'எய்ம்' ஆக இருந்தது. குறி பார்த்தல், குறிக்கோள் என்ற பொருள்கள் அதிலிருந்து கிளைத்தவை. ஆகவே 'எய்ம்லெஸ்' என்பவர் கண் முன்னால் ஒரு குறியை வைத்துக்கொள்ளாதவர். அவ்வளவுதான். கெட்டவர், உதவாதவர், சோம்பேறி என்ற எதுவும் அந்தச் சொல்லுக்குள் இல்லை.

ஜூலை 12, காலை

படுத்த பிறகு 'வீணான' எப்படி அகராதிக்குள் நுழைந்தது என்று யோசித்துக்கொண்டிருந்தேன். ஆங்கிலத்தில் 'பாயின்ட்லெஸ்' என்று வேறொரு சொல் இருக்கிறது. செய்த காரியத்தால் பயன் இல்லை என்றால் அது பாயின்ட்லெஸ். செய்கிறவர் மனத்தில் இலக்கு இல்லை என்றால் அது எய்ம்லெஸ். ஒன்று காரியத்தின் விளைவைச் சொல்கிறது, மற்றது செய்கிறவரின் மனநிலையைச் சொல்கிறது. மாலையில் வாய்க்கால் கரையில் காரணமின்றி ஒரு நடை போய்விட்டு வந்தால் அது எய்ம்லெஸ், வீண் அல்ல. ஐந்தாவது முறையாக அதே அலுவலகத்துக்கு அதே மனுவோடு போய் நின்றால் இலக்கு தெளிவாக இருக்கிறது. ஆனால் அது வீண். அகராதி எழுதியவர்கள் இரண்டையும் ஒரே சட்டியில் கொட்டிவிட்டார்கள்.

இன்னொன்று. அந்தச் சொல்லுக்குப் பக்கத்தில் என்ன எழுதியிருக்கிறது? பெயரடை தனியாக நிற்காது. எதைத் தழுவி நிற்கிறது என்று பார்க்க வேண்டும். கட்டுரை எய்ம்லெஸ் என்றால் ஒரு பொருள், பையன் எய்ம்லெஸ் என்றால் வேறு பொருள். முழு வாக்கியத்தையும் இங்கே எழுதுங்கள்.

ஜூலை 12, மதியம்

கரூர் நண்பர் ஒருவர், 'லெஸ்' என்றால் குறைவு, ஆகவே 'நோக்கம் சற்றுக் குறைந்தவன்' என்று மென்மையாகச் சொல்லலாமே என்கிறார். நல்ல மனதோடு சொல்கிறார், ஆனால் சரியில்லை. குறைவு என்ற பொருளுள்ள 'லெஸ்' வேறு, இந்தப் பின்னொட்டு வேறு. இது பழைய ஆங்கிலத்தின் 'லெயாஸ்' என்ற சொல். நீங்கிய, இல்லாத என்று பொருள். கயிறு தளர்ந்தால் 'லூஸ்' என்கிறோமே, அந்த லூஸுக்கு இது உறவுமுறை.

ஜூலை 13

வாசகி பதில் எழுதியிருக்கிறார். வாக்கியம் எதுவும் இல்லையாம். கட்டத்தில் அந்த ஒரு சொல் மட்டும்தானாம். முன்னும் பின்னும் ஒன்றும் இல்லை. கீழே சுருக்கொப்பம்.

எனக்குக் கோபமாக வருகிறது. இருபத்தாறு ஆண்டுகள் ஆங்கிலம் சொல்லிக்கொடுத்திருக்கிறேன். அறுபது கார்டுகளை ஒரே இரவில் எழுதி முடிக்க வேண்டிய அவசரம் எனக்குத் தெரியும். அப்படியே இருந்தாலும் பதினாறு வயதுப் பையன் மேல் ஒரு பெயரடையைத் தனியாக ஒட்டி வீட்டுக்கு அனுப்பக் கூடாது. எதில் நோக்கமில்லை? எந்தப் பாடத்தில்? வகுப்பிலா, விளையாட்டிலா? அந்தக் கட்டத்தில் இன்னும் நான்கு சொற்களுக்கு இடம் இருந்திருக்கும்.

ஜூலை 14

வாசகர்கள் ஆளுக்கொரு தமிழ்ச் சொல்லாக எடுத்துப் போட்டிருக்கிறீர்கள். ஒவ்வொன்றாகப் பார்க்கிறேன்.

'திக்கற்ற' வேண்டவே வேண்டாம். சொல் அளவில் திசை இல்லாத என்பதுதான். ஆனால் தமிழில் அது ஆதரவு இல்லாதவரைக் குறிக்கும். திக்கற்றவர்க்குத் தெய்வமே துணை என்கிறோம். பெற்றவர்கள் இரண்டு பேர் வீட்டில் இருக்கும்போது பையனைத் திக்கற்றவன் என்று எழுதினால் அது வேறு செய்தியாகிவிடும்.

'சுக்கான் இல்லாத கப்பல்' என்று ஒருவர். அது ஆங்கிலத்தில் 'ரட்டர்லெஸ்'. தலைவரை இழந்த கட்சிக்கும் கூட்டணி ஆட்சிக்கும் பத்திரிகைகள் போடும் சொல். சுக்கானே அரபு மொழியிலிருந்து துறைமுகம் வழியாகத் தமிழுக்கு வந்தது. ஈரோட்டில் நின்றுகொண்டு சுக்கானைப் பற்றிப் பேசினால் எனக்கு ஒட்டவில்லை. நம் பக்கத்தில் கடலும் இல்லை, கப்பலும் இல்லை.

'அட்ரிஃப்ட்' வேறு வகை. அதிலுள்ள 'ட்ரிஃப்ட்' என்பது 'டிரைவ்' என்பதிலிருந்து பிறந்தது. எதுவோ பின்னாலிருந்து தள்ளுகிறது, இவர் போகிறார். நீரோட்டத்தில் அடித்துக்கொண்டு போவது போல. எய்ம்லெஸ் ஆக இருப்பவரை யாரும் தள்ளவில்லை. ஆங்கில ஆசிரியர்களுக்காக ஒரு வார்த்தை: 'அட்ரிஃப்ட்' பெயர்ச்சொல்லுக்கு முன்னால் வராது. படகு அட்ரிஃப்ட் ஆக இருக்கிறது என்று பின்னால்தான் வரும்.

'தறிகெட்ட' என்பதைத்தான் நம் பக்கத்தவர்கள் நிறையப் பேர் எழுதியிருக்கிறார்கள். தறி ஓட்டுகிற ஊர் என்பதால் அது நமக்கு இயல்பாக வருகிறது. பாவும் ஊடையும் பிசகி, நாடா வழி தவறிப் பறந்தால் தறி கெட்டது என்போம். அப்படிப் போகிறவன் தறிகெட்டவன்.

ஜூலை 15

நேற்று எழுதியதில் தவறு இருக்கிறது. காங்கேயம் பக்கத்திலிருந்து மாடு வளர்க்கும் பெரியவர் ஒருவர் திருத்தியிருக்கிறார். "தறி என்றால் முளைக்குச்சி அம்மிணி. மாடு கட்டும் முளை. கட்டுத்தறி என்கிறோமே, அந்தத் தறி. அதைப் பிடுங்கிக்கொண்டு ஓடுகிற மாடுதான் தறிகெட்டு ஓடுகிறது. உங்கள் நெசவுத் தறிக்கும் அதற்கும் சம்பந்தமில்லை."

அவர் சொல்வதே சரி. தறிகெட்டு என்ற சொல்லை எங்கெல்லாம் கேட்டிருக்கிறேன் என்று யோசித்தேன்: தறிகெட்டு ஓடியது, தறிகெட்டுத் திரிந்தான். எல்லாமே ஓட்டமும் திரிதலும்தான். நெசவுத் தறி ஓடாது. இருந்த இடத்தில் நின்று ஆடும். தறிக்குடோன் சத்தத்திலேயே வளர்ந்ததால் தறி என்றாலே எனக்கு நூல்தான் கண்ணுக்குத் தெரிந்தது, முளைக்குச்சி தெரியவில்லை.

அந்த 'லெஸ்' லூஸின் உறவு என்று சொன்னேன். அவிழ்ந்த கயிறு. தறிகெட்ட மாடும் அவிழ்ந்த மாடுதான். ஆனாலும் அந்தச் சொல்லைப் பையனுக்குப் போடக் கூடாது. தறிகெட்டவன் என்பதில் அடங்காமை இருக்கிறது, எய்ம்லெஸ்ஸில் அது இல்லை. அவிழ்ந்த மாடு ஓடும். குறி இல்லாத மாடு நின்ற இடத்தில் நின்றுகொண்டிருக்கும்.

ஜூலை 19

திசை என்ற பேச்சு வந்ததும் நாலைந்து பேர் நம் வழக்கை ஞாபகப்படுத்தினீர்கள். ஆமாம், நம்மவர்கள் திசை இல்லாமல் பேசவே மாட்டார்கள். வழி கேட்டால் இடப்பக்கம் வலப்பக்கம் என்று யாரும் சொல்ல மாட்டார்கள்; 'மேற்காலே போய்த் தெற்காலே திரும்பு' என்பார்கள். என் அம்மா அடுப்பங்கரையில் புளி டப்பா 'கிழபுறம்' இருக்கிறது என்பார். பந்தியில் உட்கார்ந்தவரை 'கொஞ்சம் வடக்காலே நகர்ந்துக்கோ' என்பார்கள்.

இந்தப் பழக்கத்தோடு முதன்முதலாகச் சென்னைக்குப் படிக்கப் போனேன். விடுதி அறையில் மூன்று நாட்கள் ஒரு மாதிரி தலைசுற்றலாகவே இருந்தது. சாப்பாடு ஒத்துக்கொள்ளவில்லை என்று நினைத்தேன். நான்காம் நாள் மொட்டை மாடிக்குப் போய் சூரியன் எந்தப் பக்கம் இறங்குகிறது என்று பார்த்துவிட்டு வந்தேன். அன்று இரவு நன்றாகத் தூங்கினேன். ஆங்கிலத்தில் 'டிஸ்ஓரியன்டட்' என்றால் என்ன என்று எனக்கு எந்த அகராதியும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. 'ஓரியன்ட்' என்றால் கிழக்கு, சூரியன் எழும் திசை. டிஸ்ஓரியன்டட் ஆனவர் கிழக்கைத் தொலைத்தவர். எனக்கு அன்றைக்கு நோக்கம் ஒன்றும் குறைவாக இல்லை. பட்டம் வாங்க வேண்டும், வேலைக்குப் போக வேண்டும், எல்லாம் இருந்தது. கிழக்கு மட்டும்தான் இல்லை.

இதை ஏன் சொல்கிறேன் என்றால், பலர் இந்த இரண்டையும் ஒன்றாக்கிப் பேசுகிறீர்கள். இலக்கு இல்லாமல் இருப்பது வேறு. இலக்கு இருந்தும் எந்தப் பக்கம் திரும்புவது என்று தெரியாமல் நிற்பது வேறு. வெளியிலிருந்து பார்க்கிறவர்களுக்கு இரண்டும் ஒன்று போலத்தான் தெரியும். பையன் சன்னலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான் என்பதை மட்டும் வைத்து ஆசிரியரால் எதையும் சொல்லிவிட முடியாது.

நம் ஊர்த் திசைகளைப் பற்றி ஒன்று. மேற்கு என்பது மேல், கிழக்கு என்பது கீழ். கோவைக்காரர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். மேற்கே வெள்ளியங்கிரி நிற்கிறது. அங்கிருந்து இறங்கும் நொய்யல் கிழக்கே போய்க் காவிரியில் விழுகிறது. தண்ணீர் எந்தப் பக்கம் போகிறதோ அது கிழக்கு.

ஜூலை 24

இந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டு நான் ஏன் இவ்வளவு நாட்களாக எழுதுகிறேன் என்று ஒருவர் கேட்டிருக்கிறார். சொல்லிவிடுகிறேன்.

1986. எனக்குப் பதின்மூன்று வயது, எட்டாம் வகுப்பு. அண்ணன் வெளியூரில் பாலிடெக்னிக்கில் இரண்டாம் ஆண்டு, விடுதியில் தங்கிப் படித்தார். விடுதிக் காப்பாளரிடமிருந்து அப்பாவுக்கு ஆங்கிலத்தில் தட்டச்சு செய்த கடிதம் வந்தது. அப்பாவுக்கு ஆங்கிலம் தெரியாது. வீட்டில் ஆங்கிலம் படித்த ஒரே ஆள் நான். நான்கு தறிகளையும் நிறுத்திவிட்டு அப்பா குடோன் வாசலில் உட்கார்ந்தார். பகலில் தறிகள் நின்று நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. காதுக்குள் இரைச்சல் மட்டும் மிச்சம் இருந்தது. "படி கண்ணு" என்றார்.

பாதிச் சொற்கள் எனக்குப் புரியவில்லை. சட்டைப்பை அளவு அகராதி ஒன்று வைத்திருந்தேன். 'எய்ம்லெஸ்' என்று ஒரு சொல். தேடினேன். நோக்கமற்ற, வீணான. 'நோக்கம்' அந்த வயதில் எனக்குச் சரியாக விளங்காத சொல். 'வீண்' தெரிந்த சொல். "அண்ணன் வீணாகப் போய்விட்டார் என்று எழுதியிருக்கிறார்கள்" என்றேன்.

அப்பா ஒன்றும் பேசவில்லை. மறுநாள் முதல் பஸ்ஸில் போய் அண்ணனைப் பெட்டி படுக்கையோடு கூட்டிவந்துவிட்டார். அடுத்த வாரம் அண்ணன் தறியில் நின்றார். அதோடு படிப்பு முடிந்தது.

ஜூலை 25

பலர் ஆறுதல் சொல்லியிருக்கிறீர்கள். சிறு பிள்ளை என்ன செய்யும் என்கிறீர்கள். உண்மைதான். ஆனால் அந்தச் சொல்லை எடுத்தது நான்.

ஜூலை 27

கோபியிலிருந்து ஒருவர், திசை தவறுவதற்கு உழவுத் தொழிலிலிருந்து ஆங்கிலத்தில் சொல் ஏதும் இல்லையா என்று கேட்கிறார். ஒன்று இருக்கிறது, ஆனால் அது ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டது. காய்ச்சலில் பிதற்றுவதை 'டெலிரியம்' என்கிறார்கள். லத்தீனில் 'லிரா' என்றால் உழவுச்சால். 'டெலிராரே' என்றால் சாலை விட்டு விலகுதல். ஏர் கோணலாகப் போனால் உழுகிறவனுக்குப் புத்தி பிசகிவிட்டது என்று ரோமானியர்கள் நினைத்திருக்கிறார்கள்.

என் அப்புச்சி, அதாவது அம்மாவின் அப்பா, உழும்போது வரப்பில் உட்கார்ந்து பார்த்திருக்கிறேன். வலது கை மேழியில், இடது கையில் கயிறு. மாமா முதன்முதலாக ஏர் பிடித்தபோது கொழு போகும் இடத்தையே குனிந்து பார்த்துக்கொண்டு போனார். சால் பாம்பு போல வளைந்தது. "காலைப் பார்க்காதே, மாட்டையும் பார்க்காதே, அந்தக் கடைசியில் இருக்கிற பனையைப் பார்த்துக்கொண்டே நட" என்றார் அப்புச்சி. மாமா அப்படியே நடந்தார். சால் நேராக வந்தது. மறு சாலுக்கும் பனையைப் பார்க்கப் போனவரை அப்புச்சி தடுத்தார். முதல் சாலுக்குத்தான் பனை வேண்டும், அதற்குப் பிறகு பக்கத்துச் சாலே வழிகாட்டும் என்றார்.

எய்ம் என்ற சொல்லை வகுப்பில் சொல்லிக்கொடுக்கும்போதெல்லாம் இந்தப் பனையைத்தான் சொல்வேன்.

ஆகஸ்ட் 3, இரவு

ஆடிப் பதினெட்டுக்குப் பவானி கூடுதுறை போய்விட்டு வந்தேன். நல்ல கூட்டம். காவிரியும் பவானியும் சேரும் இடத்தில் படிக்கட்டில் உட்கார்ந்திருந்தபோது இந்த விவாதம்தான் மனத்தில் ஓடிற்று. பவானி நீலகிரியில் பிறந்து முதலில் கேரளத்துக்குள் போகிறது. முக்காலி என்ற இடத்தருகே சட்டென்று திரும்பி மறுபடி நம் பக்கம் வருகிறது. முக்காலிக்கு முன்னால் நின்று பார்க்கிறவர் அது மேற்குக் கடலுக்குப் போகிற ஆறு என்று சத்தியமே செய்வார்.

ஆகஸ்ட் 9

அண்ணனிடம் பேசிவிட்டேன். முப்பத்தெட்டு ஆண்டுகளாகப் பேசாத விஷயம். இங்கே எழுதிய பிறகு அவரிடம் சொல்லாமல் இருக்க முடியவில்லை. குடோனுக்கே போனேன். இப்போது பன்னிரண்டு தறிகள். சத்தத்தில் பேச முடியாது என்று என்னை வெளியே வேப்பமரத்தடிக்குக் கூட்டிவந்தார்.

சொன்னேன். சற்று நேரம் பேசாமல் கையிலிருந்த தார்க்கட்டையை உருட்டிக்கொண்டிருந்தார். பிறகு, "அந்தக் கடிதம் என்னிடம் இருக்கிறது அம்மிணி" என்றார். அப்பா காலமான பிறகு, தறிக்கான மின் கட்டண ரசீதுகளோடு ஊடை நூலால் கட்டி வைத்திருந்த கட்டில் கிடைத்ததாம்.

வாங்கிப் படித்தேன். தமிழில் தருகிறேன். "தங்கள் மகன் நல்ல நடத்தை உள்ளவர். பணிமனை வகுப்பில் கைத்திறன் சிறப்பாக இருக்கிறது. இந்தப் பருவத்தில் மட்டும் சற்று நோக்கமின்றி இருப்பதாகத் தோன்றுகிறது. தாத்தா இறந்ததிலிருந்து அப்படி இருப்பதாக உடன் இருக்கும் மாணவர்கள் சொல்கிறார்கள். வீட்டிலிருந்து யாராவது ஒருமுறை வந்து அவரோடு பேசினால் நல்லது."

அந்தத் தாத்தா எங்கள் அப்புச்சிதான். பனையைப் பார்க்கச் சொன்னவர். அந்த ஆண்டு வைகாசியில்தான் போனார்.

அண்ணன் கடிதத்தைத் திரும்ப வாங்கி மடித்து வைத்துக்கொண்டார். "உனக்கு அப்போது எவ்வளவு ஆங்கிலம் தெரியும்? விடு" என்றார். உள்ளே எங்கோ ஒரு தறியின் சத்தம் மாறியது. ஊடை தீர்ந்துவிட்டது என்று எழுந்து போனார்.

ஆகஸ்ட் 10

இரவு முழுவதும் அந்த வாக்கியத்தைத்தான் பிரித்துப் பார்த்துக்கொண்டிருந்தேன். காப்பாளர் ஆங்கிலத்தில் எவ்வளவு கவனமாக எழுதியிருக்கிறார்! 'தோன்றுகிறது' என்கிறார், இருக்கிறார் என்று அடித்துச் சொல்லவில்லை. 'சற்று' என்கிறார். 'இந்தப் பருவத்தில்' என்கிறார். 'இறந்ததிலிருந்து' என்று தொடக்கமும் சொல்கிறார். எய்ம்லெஸ்ஸைச் சுற்றி நான்கு பக்கமும் அணை போட்டிருக்கிறார். நான் நான்கையும் உடைத்துவிட்டு நடுவில் இருந்த சொல்லை மட்டும் எடுத்து அப்பாவிடம் கொடுத்தேன்.

ஜூலை 13 அன்று கார்டு எழுதிய ஆசிரியர் மேல் கோபப்பட்டேன். ஒற்றைச் சொல்லாக எழுதிவிட்டார் என்று. நானும் ஒற்றைச் சொல்லாகத்தான் ஆக்கினேன்.

தமிழில் நாம் கவனிக்க வேண்டியது ஒன்று இருக்கிறது. 'நோக்கமற்ற' என்பதோடு 'அன்' சேர்ந்து 'நோக்கமற்றவன்' ஆகிவிட்டால் அது ஆளின் பெயராகவே ஆகிவிடுகிறது. ஊமையன், நொண்டி என்பது போல ஒட்டிக்கொள்கிறது. 'நோக்கமில்லாமல் இருக்கிறான்' என்றால் அது ஒரு நிலை. இன்றைக்கு இருக்கிறது, நாளைக்கு மாறலாம். ஆங்கிலப் பெயரடையில் இந்த வேறுபாடு சொல்லுக்குள் இல்லை. பக்கத்தில் உள்ள வினைச்சொல் சொல்லும். பக்கத்தில் வினைச்சொல்லே இல்லாதபோது தமிழாக்குகிறவர் தான் முடிவு செய்ய வேண்டியிருக்கிறது.

பல்லடத்து வாசகிக்கு நான் முதல் நாளே தந்திருக்க வேண்டிய தமிழ் இதுதான்: 'எதிலும் பிடிப்பில்லாமல் இருக்கிறான்.' நம் வீடுகளில் புழங்கும் சொல். இதைக் கேட்கிற எந்த அப்பாவும் முதலில் "ஏன், என்ன ஆச்சு?" என்றுதான் கேட்பார்.

ஆகஸ்ட் 17

நேற்று முன்தினம் பவானிசாகரிலிருந்து கீழ்பவானி வாய்க்காலில் தண்ணீர் திறந்துவிட்டார்கள். எங்கள் ஊருக்கு இன்னும் வந்து சேரவில்லை. பிள்ளைகள் காய்ந்த வாய்க்காலுக்குள் இறங்கி நடந்து, நுரை வருகிறதா என்று பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். 'மியாண்டர்' என்பதற்குத் தமிழ் கேட்டவருக்கு இதுதான் பதில். அது இன்றைய துருக்கியில் வளைந்து வளைந்து ஓடும் ஓர் ஆற்றின் பெயர். பெயரே வினைச்சொல்லாகிவிட்டது. இலக்கின்றிச் சுற்றுவதற்கும் அதையே பயன்படுத்துகிறார்கள். எங்கள் வாய்க்காலும் 200 கிலோமீட்டர் வளைந்துதான் வருகிறது. மேடு எங்கே, பள்ளம் எங்கே என்று பார்த்து, சரிவு குறையாமல் மேட்டின் ஓரமாகவே வெட்டியிருக்கிறார்கள். நேராக வெட்டியிருந்தால் பாதி வயல்களுக்குத் தண்ணீர் ஏறியிருக்காது. 'வளைந்து செல்' என்பதே போதும்; சுற்றித் திரி என்று எழுத வேண்டாம்.

பல்லடத்து வாசகி எழுதியிருக்கிறார். ஒரு மாதமாகக் கணவரிடம் கார்டைக் காட்டாமலே வைத்திருந்திருக்கிறார். ஆகஸ்ட் 10 குறிப்பைப் படித்த அன்று இரவு, பிடிப்பில்லாமல் இருக்கிறானாம் என்று சொன்னாராம். அவர் கையெழுத்துப் போடவில்லை. கார்டைக் கீழே வைத்துவிட்டு மாடிக்குப் பையனிடம் போய்விட்டாராம். என்ன பேசினார்கள் என்று தெரியவில்லை, விளக்கு அணைய நேரமாயிற்று என்று எழுதியிருக்கிறார்.

திங்கட்கிழமை இரண்டு பேருமாக ஆசிரியரைப் பார்க்கப் போகிறார்கள். என்ன கேட்கட்டும் என்கிறார். "எப்போதிலிருந்து?" என்று மட்டும் கேளுங்கள் என்று பதில் எழுதியிருக்கிறேன்.